‘தெஹானு’: தன் கதாநாயகனை லெ குவினே கைவிட்டுவிட்டாரா?

உப்புக்காற்று

வணக்கம் நண்பர்களே. அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவினின் எர்த்சீ என்ற மாயாஜால நாவல் வரிசையில் முதல் மூன்று நாவல்களையும் அடுத்தடுத்துப் படித்தேன். ‘எ விசர்ட் ஆஃப் எர்த்சீ’ தந்த வேகத்தில் ‘தி டூம்ஸ் ஆஃப் அட்டுவான்’, ‘தி ஃபார்தெஸ்ட் ஷோர்’ இரண்டும் ஓடிவிட்டன. இப்போது நான்காவதான ‘தெஹானு’வில் பாதியில் நிற்கிறேன். மேலே போக மனம் வரவில்லை.

ஏன் என்று சொல்கிறேன். முதல் நாவலில் கோண்ட் தீவில் ஆடு மேய்த்த பையன் கெட், ரோக் தீவின் மந்திரப் பள்ளிக்குப் போகிறான். கூடப் படிக்கிறவன் சீண்டியதற்காகத் தன் வல்லமையைக் காட்ட, எப்போதோ இறந்துபோன எல்ஃபாரனின் ஆவியை அழைக்கிறான். அவளோடு ஒரு நிழலும் இந்த உலகத்துக்குள் வந்துவிடுகிறது. அந்தக் கிழிசலை மூடப்போய்த் தலைமை மந்திரவாதி நெம்மர்லே உயிரையே விடுகிறார். பிறகு நாவல் முழுக்க நிழல் துரத்துகிறது, கெட் ஓடுகிறான். ஓடாதே, திரும்பி நீ அதைத் துரத்து என்று ஆசான் ஓகியன் சொன்ன பிறகுதான் கதை தலைகீழாகிறது. கடைசியில் கடலின் விளிம்பில் இருவரும் ஒருவரையொருவர் ஒரே பெயரால் அழைக்கும் இடத்தில் எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. வாள் இல்லை, போர் இல்லை, வெளியே வில்லன் என்று ஒருவன் இல்லவே இல்லை. 1968ல் பதின்வயதுப் பிள்ளைகளுக்காக எழுதிய புத்தகம் இது!

அப்படிப்பட்ட கெட், மூன்றாம் நாவலின் முடிவில் உலகத்தைக் காப்பாற்றத் தன் சக்தி முழுவதையும் செலவழித்துவிட்டு, டிராகனின் முதுகில் ஏறிப் பறந்துபோகிறான். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். ‘தெஹானு’வில் அதே டிராகன் அவனை அரை உயிராகக் கோண்டில் இறக்கிவிட்டுப் போகிறது. எழுந்து நடமாடத் தொடங்கியதும், அரசன் அனுப்பிய ஆட்களைப் பார்த்து ஒளிகிறான். மலைக்குப் போய் மறுபடி ஆடு மேய்க்கிறான். தன் கையால் செதுக்கிய ஒரு மனிதனை இத்தனை வருடம் கழித்து வந்து ஏன் இப்படி உடைக்க வேண்டும்? முடித்தவர்கள் சொல்லுங்கள், மேலே படிக்கலாமா?

மலைச்சாரல்

உங்கள் வருத்தம் எனக்குப் புரிகிறது. என்னைக் கேட்டால் எர்த்சீ என்பது மூன்று நாவல்கள்தான். 1968, 1971, 1972. மூன்றாவதுக்கு 1973ல் அமெரிக்காவின் நேஷனல் புக் அவார்டும் கிடைத்தது. பிறப்பு, இருட்டு, இறப்பு என்று ஒரு வட்டம் அதில் முழுமையாகிவிடுகிறது.

‘தெஹானு’ 1990ல் வந்தது. அந்தப் பதினெட்டு வருட இடைவெளியில் லெ குவின் பெண்ணியத்தின் பக்கம் வெகுதூரம் வந்திருந்தார். அதைக் குறை சொல்லவில்லை. ஆனால் அந்தக் கருத்துகளைச் சொல்ல வேறொரு நாவல் எழுதியிருக்கலாம். பழைய நாவலின் மனிதர்களைக் கூட்டிவந்து கருத்துக்கு வேலை செய்ய வைத்தது எனக்கு உறுத்துகிறது. முதல் மூன்றில் ஒரு வரிகூட வாசகருக்குப் பாடம் நடத்தாது. ‘தெஹானு’வில் ஆணின் வல்லமை என்ன, பெண்ணின் வல்லமை என்ன என்று மாஸ் என்கிற சூனியக்காரியும் இரண்டாம் நாவலின் நாயகி தெனாரும் பக்கம் பக்கமாகப் பேசுகிறார்கள். ரே ஆல்பியின் மந்திரவாதி ஆஸ்பென் வெறுப்பைத் தவிர வேறொன்றும் இல்லாத ஆள். முதல் நாவலில் கெட்டைச் சீண்டிய ஜாஸ்பரிடம்கூட இவனைவிட மனிதத்தனம் இருந்தது.

நூலகப்பூனை

உப்புக்காற்று, தயவுசெய்து நிறுத்தாதீர்கள். லெ குவின் எழுதியதிலேயே துணிச்சலான புத்தகத்தின் நடுவில் நிற்கிறீர்கள்.

மலைச்சாரல், கருத்து வெளியிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டது என்கிறீர்கள். முதல் நாவலின் தொடக்கத்தை மறுபடி திறந்து பாருங்கள். கோண்ட் தீவின் பழமொழி ஒன்று வரும்: பெண்களின் மந்திரத்தைப்போலப் பலவீனம், பெண்களின் மந்திரத்தைப்போலக் கெடுதல். கெட்டுக்கு முதல் மந்திரச் சொல்லைக் கற்றுத் தந்தவள் அவனுடைய சித்தி, அதே ஊர்ச் சூனியக்காரி. அவளிடம் கற்றுக்கொண்டு அவளைத் தாண்டிப் போய்விடுகிறான், கதையும் அவளைத் திரும்பிப் பார்ப்பதில்லை. ரோக் பள்ளிக்குள் பெண்களுக்கு இடமே கிடையாது. ஏன் என்று யாரும் கேட்பதில்லை, எழுதியவரும் அப்போது கேட்கவில்லை. அந்த விரிசல் 1968லேயே சுவரில் இருந்தது. 1990ல் அவர் அதில் கைவைத்தார், அவ்வளவுதான்.

இரண்டாவது நாவலின் தெனாரையும் யோசியுங்கள். சின்னஞ்சிறு குழந்தையாகத் தாயிடமிருந்து பிரித்துக் கொண்டுவந்து, பெயரைப் பிடுங்கி, ‘உண்ணப்பட்டவள்’ என்ற பொருளில் ‘அர்ஹா’ என்று ஆக்கி, வெளிச்சமே நுழையக் கூடாத நிலவறைக்குப் பூசாரியாக வைக்கிறார்கள். அந்த இருட்டுப் பாதையை விரலால் தடவித் தடவி, எத்தனை திருப்பம் என்று எண்ணி மனப்பாடம் செய்கிறாள். அங்கே ஒரு பழைய மோதிரத்தைத் தேடி விளக்கோடு வந்த திருடன் கெட். அவனைக் கொல்லாமல் விட்டு அவனோடு வெளியே வருகிறாள். ஹாவ்னோர் நகரத்தில் மோதிரத்தோடு இருவரையும் ஊரே கொண்டாடுகிறது. அதற்குப் பிறகு? கெட் தலைமை மந்திரவாதி ஆகிறான். மூன்றாம் நாவலில் தெனார் வரவே மாட்டாள். அவள் என்ன ஆனாள் என்று கேட்கத் தோன்றாத வாசகர்களில் நானும் ஒருத்தியாக இருந்தேன், அந்தக் கேள்வியை எனக்குக் கொடுத்ததே ‘தெஹானு’தான். ஓகியனிடம் மந்திரம் கற்க இடம் கிடைத்தும், அது தனக்கானதல்ல என்று விட்டுவிட்டு ஃபிளிண்ட் என்ற விவசாயியைக் கட்டிக்கொண்டு, இரண்டு பிள்ளை பெற்று, கணவன் இறந்து தனியாக நிற்கிறாள். மோதிரம் கொண்டுவந்தவளுக்கு இதுவும் ஒரு முழு வாழ்க்கைதான் என்று நாவல் நம்புகிறது.

ஒரே ஒரு இடத்தை மட்டும் கவனித்துப் படியுங்கள். ரோக்கின் ஆசான்கள் அடுத்த தலைமை மந்திரவாதி யார் என்று தேடும்போது, அவர்களில் ஒருவருக்கு ‘கோண்டில் ஒரு பெண்’ என்ற வாக்கு கிடைக்கிறது. உடனே கப்பல் ஏறி வருகிறார்கள். அந்தப் பெண் யாரையோ கைகாட்டுவாள், அவன்தான் நாம் தேடுகிற ஆண் என்று நினைத்துக்கொண்டு வருகிறார்கள். தேடுகிற ஆளே அவளாக இருக்கலாம் என்பது அத்தனை அறிவாளிகளில் ஒருவர் மனத்திலும் உதிக்கவில்லை. இதைவிட நுட்பமாகச் சொல்ல முடியுமா? பாடம் நடத்துகிற எழுத்தா இது?

பனைநிழல்

வணக்கம். எல்லாரும் கெட்டைப் பற்றியே கதைக்கிறியள். எனக்கு இந்த நாவலிலை முக்கியம் தெனார் எடுத்து வளக்கிற தெர்ரு.

அந்தப் பிள்ளைக்கு ஆறேழு வயசு இருக்கும். சொந்தச் சனமே அடிச்சு, சீரழிச்சு, நெருப்புக்குள்ளை தள்ளிவிட்டிட்டுப் போட்டுதுகள். முகத்திலை ஒரு பக்கம் முழுக்க எரிஞ்சு, ஒரு கண் போய், ஒரு கை விரல் ஒட்டிப் பறவைக் கால் மாதிரி ஆகி, தொண்டை கருகிக் குரலும் கரகரத்துப் போச்சு. மாயாஜால நாவல் எண்டால் நாங்கள் என்ன எதிர்பாப்பம்? ஆரோ ஒரு பெரிய மந்திரவாதி வந்து தடவிவிட, காயம் ஆறி, பிள்ளை வடிவாச் சிரிக்கும் எண்டு. தெனாரும் அப்பிடி ஒரு நம்பிக்கையோடைதான் இருக்கிறா. ஒண்டும் நடக்காது. நாவல் முடியும் வரைக்கும் அந்தத் தழும்பு தழும்பாவே இருக்கும். மூண்டு நாவல் முழுக்கப் புயலை நிப்பாட்டின மந்திரத்தாலை ஒரு பிள்ளையின்ரை கன்னத்தை ஆத்த முடியேல்லை.

அதோடை ஊர்ச்சனம் அந்தப் பிள்ளையைப் பாக்கிற விதம். இரக்கப்படுவினம், ஆனால் முகத்தைத் திருப்புவினம். இப்பிடி ஒண்டு நடந்தால் பிள்ளையிலையும் ஏதோ பிழை இருக்கும் எண்டு உள்ளுக்குள்ளை பயப்பிடுவினம். சாகக்கிடக்கிற ஓகியன் மட்டும்தான் அவளைச் சரியாப் பாத்தவர். இவளுக்கு எல்லாத்தையும் சொல்லிக் குடு எண்டு தெனாரிட்டைச் சொல்லிப்போட்டுத்தான் கண்ணை மூடுறார்.

உப்புக்காற்று தம்பி, கெட் ஆடு மேய்க்கிறது உங்களுக்கு அவமானமாப் படுது. அவன் முதல் நாவலிலை தொடங்கினதே ஆட்டோடைதானே. வல்லமை போன ஆம்பிளை மிச்சக் காலத்தை என்ன செய்யிறது எண்டு எத்தினை வீரகதை யோசிச்சிருக்கு? மற்றக் கதையளிலை வீரன் செத்துப்போவான், இல்லாட்டி அரசனாவான். இவன் வீட்டு வேலை பழகிறான். அதை எழுதத்தான் கூடத் துணிவு வேணும்.

உப்புக்காற்று

பனைநிழல் அண்ணா, தெர்ருவைப் பற்றி நீங்கள் சொன்னதற்காகவே மறுபடி கையில் எடுக்கிறேன்.

இடையில் ஒரு விஷயம் கேட்க வேண்டும். கெட் செம்புநிறம் கலந்த பழுப்பு நிறம், அவன் நண்பன் வெட்ச் கறுப்பு என்று முதல் நாவலிலேயே தெளிவாக இருக்கிறது. படகில் வந்து கொள்ளையடிக்கிற கார்கிஷ்காரர்கள்தான் வெள்ளை. ஆனால் இணையத்தில் தேடினால் கெட்டை வெள்ளைக்காரப் பையனாகக் காட்டும் படங்கள் நிறைய வருகின்றனவே, எப்படி?

நூலகப்பூனை

அதில் ஒரு பகுதி 2004ல் வந்த அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் வேலை. கெட்டுக்கு வெள்ளை நடிகரைப் போட்டார்கள். லெ குவின் சும்மா இருக்கவில்லை. தன் தீவு மக்களை வெள்ளையடித்துவிட்டார்கள் என்று வெளிப்படையாகக் கட்டுரையே எழுதினார். பழைய பதிப்புகளின் அட்டைப்படங்களோடும் அவருக்கு இதே போராட்டம்தான். எர்த்சீயில் பெரும்பாலான மக்கள் வெள்ளை இல்லை என்பதை அவர் யோசித்தே செய்தார். 1968ல் இந்த வகை நாவல்களில் அப்படி எழுதியவர்கள் மிகக் குறைவு. நம் நிறத்தில் ஒரு மந்திரவாதியை முதல்முறை படித்தபோது எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று சொல்லி மாளாது.

வெண்பனி

இந்த விவாதத்தை எர்த்சீக்குள்ளேயே வைத்துப் பேசினால் பாதிதான் தெரியும். தான் எழுதியதோடு தானே வழக்காடுவது லெ குவினின் இயல்பு. அறிவியல் புனைவிலும் அதைத்தான் செய்தார்.

‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்’ 1969ல் வந்தது, ஹியூகோ, நெபுலா இரண்டு விருதும் வாங்கியது. கெதென் என்ற பனிக்கிரகத்தில் மனிதர்களுக்கு நிரந்தரமான ஆண், பெண் பால் கிடையாது. மாதத்தில் சில நாள் மட்டும் ‘கெம்மர்’ என்ற நிலை வரும், அப்போது யார் வேண்டுமானாலும் எந்தப் பாலாகவும் மாறலாம். அரசரே கர்ப்பமாகலாம். அங்கே தூதராகப் போன ஜென்லி ஐ ஒரு கறுப்பின மனிதன், எல்லோரையும் ஆணாகவே பார்த்துப் பார்த்துத் தடுமாறுகிறான். புத்தகம் வந்த பிறகு, எல்லோருக்கும் ஆண்பாலையே போட்டுவிட்டீர்களே, இவர்களைப் பிள்ளை வளர்க்கிறவர்களாக எங்கே காட்டினீர்கள் என்று விமர்சனம் வந்தது. 1976ல் ஒரு கட்டுரையில் தன் முடிவை நியாயப்படுத்தினார். எண்பதுகளில் அதே கட்டுரையை எடுத்து, பத்திக்குப் பத்தி தன்னையே மறுத்துக் குறிப்பு எழுதிச் சேர்த்து வெளியிட்டார். பழைய வரிகளை அழிக்கவில்லை. பழையதும் புதியதும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கட்டும் என்று விட்டார். கெதென் பற்றிய ‘விண்டர்ஸ் கிங்’ சிறுகதையைத் தொகுப்பில் சேர்த்தபோது எல்லோரையும் பெண்பாலாக்கிப் பார்த்தார்.

‘தெஹானு’ அந்த வழக்காடலின் தொடர்ச்சிதான். அதற்காக முதல் புத்தகம் சிறுத்துவிடவில்லை. ஜென்லியும் கெதென்காரரான எஸ்ட்ரவனும் சறுக்குவண்டியை இழுத்துக்கொண்டு எண்ணூறு மைல் பனிப்பாறை மேல் போகும் பகுதியைப் போல் நான் வேறெங்கும் படித்ததில்லை. ஒவ்வொரு நாளும் எத்தனை மைல், எவ்வளவு உணவு மிச்சம், குளிர் எவ்வளவு என்று எஸ்ட்ரவனின் நாட்குறிப்பு. நடுவில் கூடாரத்துக்குள் எஸ்ட்ரவனுக்குக் கெம்மர் வருகிறது. இருவரும் தொடாமல் விலகி உட்கார்ந்து, அதைப் பற்றி நேருக்கு நேர் பேசுகிறார்கள். ஜென்லி தன்னிடம் இருக்கும் ஒரே பரிசைத் தருகிறான், வாய் திறக்காமல் மனத்தோடு பேசக் கற்றுத் தருகிறான். எஸ்ட்ரவனுக்குள் ஜென்லியின் குரல் கேட்கும்போது அது இறந்துபோன அண்ணனின் குரலாகக் கேட்கிறது. காரணத்தை ஆசிரியர் விளக்கவே மாட்டார். அதற்கு முன் வந்த கர்ணபரம்பரைக் கதைகளைப் படித்தவர்களுக்கு மட்டும் நெஞ்சு அடைத்துக்கொள்ளும்.

நெறியாளர்

கதை முடிவைச் சொல்லும் பதிவுகளுக்கு மேலே தயவுசெய்து எச்சரிக்கை போடுங்கள். இழையைத் தொடங்கியவர் இன்னும் படித்துக்கொண்டிருக்கிறார்.

மலைச்சாரல்

வெண்பனி சொன்ன உதாரணம் என் கட்சிக்குத்தான் உதவுகிறது. கெதெனோடு வழக்காட வேண்டும் என்று தோன்றியபோது லெ குவின் கட்டுரை எழுதினார், நாவலைத் தொடவில்லை. எஸ்ட்ரவனைத் திரும்பக் கூட்டிவந்து எதையும் நிரூபிக்க வைக்கவில்லை. எர்த்சீக்கு ஏன் அந்த மரியாதை இல்லை?

கருத்தும் கதையும் எப்படிச் சேர வேண்டும் என்பதற்கு அவருடைய ‘தி டிஸ்பொசெஸ்ட்’ (1974) இருக்கிறது. அரசே இல்லாத அனாரெஸ், செல்வம் கொழிக்கும் உர்ராஸ் என்று இரட்டைக் கிரகங்கள். ஓர் அத்தியாயம் இங்கே, ஓர் அத்தியாயம் அங்கே என்று மாறிமாறி வரும். அரசில்லாச் சமூகத்தின் மீது அவருக்கு எவ்வளவு காதல் என்பது வரிக்கு வரி தெரியும். ஆனால் அதே சமூகத்தில் சாபுல் என்ற பேராசிரியர் கதாநாயகன் ஷெவெக்கின் ஆய்வில் தன் பெயரைச் சேர்த்துக்கொள்கிறார். சட்டமே இல்லாத ஊரில் அக்கம்பக்கத்தார் என்ன நினைப்பார்களோ என்ற பயம் சட்டத்தைவிடக் கொடூரமாக ஆள்கிறது. பஞ்சம் வந்தபோது யாருக்குச் சோற்றைக் குறைப்பது என்று பட்டியல் போடும் வேலை ஷெவெக்குக்கு வருகிறது. மறுத்துவிடுகிறான். ஆனால் பட்டியல் போட யாராவது ஒருவர் எப்போதும் இருப்பார் என்பதும் அவனுக்குத் தெரியும். தான் நேசிக்கிற கருத்தைத் தானே இப்படி உரசிப் பார்த்த ஆசிரியர், ‘தெஹானு’வில் ஆஸ்பென் மாதிரி ஒரு அட்டைப் பொம்மையை நிறுத்தியதுதான் என் ஏமாற்றம். அவர்மேல் பிரியம் இல்லாமல் இதைச் சொல்லவில்லை.

நூலகப்பூனை

*(‘தி ஃபார்தெஸ்ட் ஷோர்’, ‘தி அதர் விண்ட்’ முடிவுகள் இதில் உண்டு)*

ஆஸ்பென் பாத்திரம் தட்டை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நாவலைத் தொட்டிருக்கக் கூடாது என்பதை ஏற்க முடியாது. தொடாமல் விட்டிருந்தால் எர்த்சீயின் மிகப் பெரிய அநியாயம் அப்படியே நின்றிருக்கும்.

மூன்றாம் நாவலில் வரும் வறண்ட நிலத்தை நினைத்துப் பாருங்கள். இறந்தவர்களின் ஊர். தாழ்ந்த கற்சுவர் ஒன்று, அதற்கு அப்பால் நகராத நட்சத்திரங்கள், தண்ணீர் இல்லை, காற்று இல்லை. தாய் பக்கத்தில் பிள்ளை நின்றாலும் அடையாளம் தெரியாது. காதலுக்காக உயிரைவிட்டவர்கள் தெருவில் ஒருவரையொருவர் பாராமல் கடந்து போகிறார்கள். அந்த ஒரு வரியைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. மலைச்சாரல் சொல்கிற ‘முழுமையான வட்டம்’ இந்த இடத்தில்தான் முடிகிறது. சாவை ஏற்றுக்கொள் என்று கெட் சொல்கிறான். சரி. ஆனால் செத்தவர்களுக்கு ஏன் இந்தத் தண்டனை? அவர்கள் என்ன செய்தார்கள்?

2001ல் வந்த ‘தி அதர் விண்ட்’ அந்தக் கேள்வியை எடுத்துக்கொள்கிறது. ஆல்டர் என்று ஒரு சின்ன மந்திரவாதி, உடைந்த சட்டிபானையை ஒட்டவைக்கிறவன். இறந்துபோன மனைவி லில்லி அந்தச் சுவருக்கு அப்பாலிருந்து கைநீட்டி அவனைக் கனவில் கூப்பிடுகிறாள். பிறகு எல்லா இறந்தவர்களும் சுவரோரம் வந்து கூடி, தங்களை விடுவிக்கச் சொல்கிறார்கள். கதை விரிய விரிய, அந்த நிலம் இயற்கையானது இல்லை என்று தெரிகிறது. சாகாமல் இருக்க ஆசைப்பட்ட பழைய மந்திரவாதிகள் டிராகன்களுக்கு உரிய மேற்கிலிருந்து திருடிக் கட்டிய இடம் அது. மந்திரத்துக்கு ஆதாரமான மெய்ப்பெயர்தான் இறந்தவர்களை அங்கே கட்டிப்போட்டிருந்தது. முதல் நாவலில் நாம் கைதட்டி ரசித்த அதே பெயர் சொல்லும் கலை! காட்டுமிராண்டிகள் என்று முதல் நாவல் காட்டிய கார்கிஷ் மக்கள் மறுபிறப்பை நம்புகிறவர்கள், அவர்கள் அந்தச் சுவருக்குள் போவதே இல்லை. கடைசியில் சுவரைக் கல் கல்லாகப் பிரிக்கிறார்கள்.

முப்பத்துமூன்று வருடம் கழித்து, தன் உலகத்தின் அடித்தளத்தையே தோண்டி எடுத்து, அதில் அடைபட்டவர்களை வெளியே விட்ட எழுத்தாளர் வேறு யார் இருக்கிறார்? ‘தெஹானு’ இல்லாமல் அங்கே போய்ச் சேர வழியே கிடையாது. டிராகனும் மனிதரும் ஒரு காலத்தில் ஒரே இனம் என்ற கதை அதில்தான் முதலில் வருகிறது.

பனைநிழல்

நூலகப்பூனை எழுதினதோடை ஒண்டைச் சேக்கிறன். லெ குவினின்ரை தகப்பன் ஆல்ஃபிரெட் க்ரோபர் பெரிய மானிடவியலாளர். 1911ல் கலிஃபோர்னியாவிலை, தன்ரை யாஹி இனம் முழுக்க அழிஞ்சு தனிச்சு நிண்ட ஒரு மனிசன் வெளியிலை வந்தார். அவர் கடைசி வரைக்கும் தன்ரை சொந்தப் பெயரை ஒருத்தருக்கும் சொல்லேல்லை. ‘இஷி’ எண்டது க்ரோபர் வைச்ச பேர். அந்த மனிசனின்ரை கதையை 1961ல் புத்தகமா எழுதினது லெ குவினின்ரை தாய் தியடோரா. மெய்ப்பெயரை நம்பினவைக்கு மட்டும் சொல்லுற எர்த்சீ சனத்தை வாசிக்கேக்கை எனக்கு இஷிதான் ஞாபகத்துக்கு வருவார். ஒரு சனத்தை வெளியாக்கள் எப்பிடிப் பாக்கினம், எதைப் பாக்காமல் விடினம் எண்ட யோசினை அந்த வீட்டிலையே இருந்திருக்கு. கெதெனுக்குப் போன ஜென்லியும் அப்பிடி ஒரு வெளியாள்தானே. பிறகு தன்ரை எர்த்சீயிலையே தான் பாக்காமல் விட்ட சனம் ஆர் எண்டு தேடிப்போனதிலை எனக்கு ஆச்சரியம் இல்லை.

உப்புக்காற்று

*(‘தெஹானு’ முடிவு இதில் உண்டு)*

நேற்று இரவு ‘தெஹானு’வை முடித்தேன். பனைநிழல் அண்ணா, தெர்ரு என்னை விடமாட்டேன் என்கிறாள். சாப்பிட்ட பாத்திரத்தை யார் எடுத்துவைப்பது என்று தெனாருக்கும் கடலோடிவிட்டுத் திரும்பிய மகன் ஸ்பார்க்குக்கும் நடக்கிற உரசல், டிராகன் சண்டை எதையும்விடக் கனமாக இருந்தது. நம் வீடுகளில் தினமும் நடப்பது.

ஆனால் முடிவில் எனக்குக் குறை இருக்கிறது. ஆஸ்பென் தெனாரை மந்திரத்தால் கட்டி, பேச்சைப் பிடுங்கி, நாய் மாதிரி இழுத்துப்போகும் பக்கங்களைப் படிக்கவே முடியவில்லை. அவ்வளவு தூரம் கொண்டுபோய்விட்டு, தெர்ரு கூப்பிட்டதும் கலெஸின் என்ற அந்த டிராகன் வந்து எல்லாவற்றையும் எரித்துத் தீர்த்துவிடுகிறது. வல்லமை இல்லாமல் எப்படி வாழ்வது என்று இருநூறு பக்கம் கேட்ட நாவல், கடைசியில் எல்லாவற்றையும்விடப் பெரிய வல்லமையைக் கொண்டுவந்து பதில் சொல்கிறதே. தெனாரைக் காப்பாற்றத் தெர்ரு டிராகனின் மகளாகத்தான் இருக்க வேண்டுமா? சாதாரணப் பெண்ணாக இருந்திருந்தால்?

மலைச்சாரல்

நீங்கள் கேட்டதுதான் சரியான கேள்வி. இந்த நாவலை நேசிக்கிறவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

என் நிலை மாறவில்லை, மூன்றோடு முடிந்த எர்த்சீதான் எனக்கு எர்த்சீ. ஆனால் அந்தத் தெருவில் கடந்துபோகும் காதலர்களை நானும் மறக்கவில்லை. சுவரைப் பிரிக்கிற அத்தியாயத்துக்காக ‘தி அதர் விண்ட்’ படிப்பேன்.

நூலகப்பூனை

உப்புக்காற்று, சாதாரணப் பெண்ணாக இருந்திருந்தால் என்ற கேள்விக்கு அந்த நாவலில் இருக்கும் ஒரே பதில் தெனார்தான். டிராகன் வந்துபோன பிறகும் ஓகியனின் பழைய வீட்டில் கெட்டோடும் குழந்தையோடும் அவள்தான் இருக்கப்போகிறாள், அடுப்பு, தோட்டம், ஆடுகளோடு. அது உங்களுக்குப் போதுமா என்று தெரியவில்லை. எனக்குப் பாதி போதும்.

அடுத்து நேராக ‘தி அதர் விண்ட்’டுக்குப் போகாதீர்கள் இருவரும். அதே வருடம் வந்த ‘டேல்ஸ் ஃப்ரம் எர்த்சீ’ தொகுப்பை முதலில் எடுங்கள். அதில் முதல் கதை ‘தி ஃபைண்டர்’, ரோக் பள்ளியைத் தொடங்கியவர்களில் பெண்கள் இருந்தார்கள் என்பதைச் சொல்கிறது. கடைசிக் கதை ‘டிராகன்ஃபிளை’ தெரியாமல் ‘தி அதர் விண்ட்’டில் வரும் இரியன் யாரென்று புரியாது. மலைச்சாரல், ‘தி ஃபைண்டர்’ படித்துவிட்டு இதே இழையில் எழுதுங்கள். சண்டை போட நான் இருக்கிறேன்.